நூல் குடோனில் பதினான்கு பேர்

"பொண்ணு பாக்க வந்துட்டாகடி, எந்திரிச்சு உள்ள போங்க!"

ரகமத்தக்கா இப்படிச் சொன்னதும் கையில் இருந்த பனியனை அப்படி அப்படியே போட்டுவிட்டு எழுந்தோம். மேஜைக்கு அடியில் தூளியில் தூங்கிய மகளை நான் அள்ளிக்கொண்டேன். பதினான்கு பெண்கள், ஒரு கைக்குழந்தை. பின்கட்டில் இருந்த நூல் குடோனுக்குள் நாங்கள் நுழைந்ததும் மேஸ்திரி கதவைச் சாத்தி வெளியே தாழ்ப்பாள் போட்டார்.

வந்தது மாப்பிள்ளை வீட்டார் இல்லை. தொழிற்சாலைகளைச் சோதிக்க வருகிற சர்க்கார் இன்ஸ்பெக்டர். பெண் பார்க்க வந்தால் வயசுப் பெண்கள் உள்ளே ஓடி ஒளிவார்களே, அதை வைத்து எங்களுக்குள் ஒரு கேலிப் பேச்சு. நாலு பிள்ளை பெற்றவளும் அன்றைக்கு ஓடத்தான் வேண்டும்.

ஏன் ஓட வேண்டும் என்றால், எங்கள் பெயர் கம்பெனி மஸ்டரில் கிடையாது. மஸ்டர் என்பது வேலை பார்க்கிறவர்களின் பெயரை எழுதி வைக்கிற பெரிய நோட்டு. அதில் பெயர் இருந்தால் நீ தொழிலாளி. இல்லையென்றால், காலையில் சங்கு ஊதும்போது வந்து பொழுது சாயும்வரை முதுகு ஒடிய உழைத்தாலும் நீ அந்தக் கம்பெனியில் இல்லவே இல்லை.

குடோனுக்குள் ஒரே ஒரு கம்பி ஜன்னல். நூல் மூட்டைகளுக்கு நடுவே நெருக்கியடித்து உட்கார்ந்தோம். பஞ்சுத் தூசியும் பழைய புகையிலை நெடியும் மூக்கைத் துளைத்தன. ஆளாளுக்கு முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டோம். தும்மலை அடக்கத் தெரியாதவள் எங்கள் கம்பெனியில் ஒரு வருஷம் தாக்குப்பிடிக்க முடியாது.

திண்டுக்கல்லில் ஏது பனியன்?

கதையை இங்கே கொஞ்சம் நிறுத்துகிறேன். ஒரு வாசகருக்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது.

நான் பனியன் கம்பெனியில் சேர்ந்ததைப் போன வாரம் எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு நெய்க்காரப்பட்டியிலிருந்து ஒருவர் கேட்டிருக்கிறார்: "பனியன் என்றால் திருப்பூர். திண்டுக்கல் என்றால் பூட்டு. தாங்கள் ஊரை மாற்றி எழுதிவிட்டீர்களா?"

ஐயா, எனக்கு வயசாகிவிட்டது, ஒப்புக்கொள்கிறேன். சாவியை எங்கே வைத்தேன் என்பது மறந்துபோகிறது. ஆனால் எந்த ஊரில் என் முதுகு வளைந்தது என்பதுமா மறந்துபோகும்? திண்டுக்கல்காரர்கள் பூட்டு மட்டுமா செய்தார்கள்? சுருட்டு சுற்றினார்கள், தோல் பதனிட்டார்கள், வெங்காயம் பொறுக்கினார்கள். நாங்கள் கொஞ்சம் பேர் பனியனும் தைத்தோம். நீங்கள் போட்டுக்கொண்டது ஒருவேளை நான் மடித்த பனியனாகவும் இருக்கலாம். நன்றி சொல்ல வேண்டாம், ஊரை மாற்றாமல் இருந்தால் போதும்.

ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு பழைய புகையிலைக் குடோன். அதை வாடகைக்குப் பிடித்துத்தான் முதலாளி கம்பெனி தொடங்கினார். வட்டமாகச் சுற்றித் துணி பின்னுகிற மெஷின் மூன்று. துணி குழாய் மாதிரி கீழே இறங்கிக்கொண்டே இருக்கும். தையல் மெஷின்கள் இரண்டு வரிசை. எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே மோட்டார். மேலே ஓடுகிற நீள இரும்புத் தண்டிலிருந்து தோல் பட்டைகள் இறங்கி ஒவ்வொரு மெஷினையும் ஓட்டும். மோட்டாரைப் போட்டால் ஓட்டுக் கூரையே நடுங்கும். பக்கத்தில் இருப்பவளிடம் பேசுவதானாலும் காதில் வாயை வைத்துக் கத்த வேண்டும். அந்தப் பழக்கம் இன்றைக்கும் போகவில்லை. வீட்டில் நான் சாதாரணமாகப் பேசினாலே சண்டை போடுவதாக நினைக்கிறார்கள்.

தண்ணீருக்கு எங்கள் ஊர் எப்போதும் தரித்திரம்தான். அதனால் துணியை வெளுக்க மாட்டு வண்டியில் ஏற்றி ஊருக்கு வெளியே ஒரு தோட்டத்துக் கிணற்றுக்குக் கொண்டுபோவார்கள். சோடாக் காரத்தில் வேகவைத்து, வெளுப்புத் தூள் போட்டு, நீலம் முக்கிக் காயவைத்து வரும். "வெளுத்தா பொகையில வாடை போயிருமுங்க" என்று மேஸ்திரி அடித்துச் சொல்வார். போகாது. என் வீட்டுக்காரர் எங்கள் கம்பெனிப் பனியனைப் போட்டுக்கொண்டு, "இதப் போட்டா வெத்தலை போடணும்போலயே இருக்கு நாச்சி" என்பார்.

நாச்சி என்பது நான்தான். நாச்சம்மாள்.

என் வேலைக்குக் கைமடி என்று பெயர். தைக்கிறவருக்குப் பக்கத்தில் நின்று பனியனின் கீழ் ஓரத்தை ஒரே அளவாக மடித்து மடித்து ஊசிக்குக் கொடுக்க வேண்டும். அவர் வேகத்துக்கு என் கை ஓட வேண்டும். தைக்கிறவர் ஆண், அவர் பெயர் மஸ்டரில் இருக்கும். மடிக்கிறவள் பெண், அவள் பெயர் இருக்காது. பனியனுக்கு இரண்டு பேர் கையும் வேண்டும். நோட்டுக்கு ஒருவர் போதும்போல.

மேஜைக்கு அடியில் ஒரு தூளி

என் வீட்டுக்காரர் லாரியில் கிளீனர். போனால் பத்து நாளோ பதினைந்து நாளோ, எப்போது வருவார் என்று அவருக்கே தெரியாது. எனக்குப் பிறந்த வீடு ரெட்டியார்சத்திரம் பக்கம். அங்கே அம்மா கிடையாது. அண்ணன் வீட்டில் அண்ணி ராஜ்ஜியம். பிரசவத்துக்குப் போய் அங்கே இருந்த இருப்பைப் பற்றி எழுதினால் இந்தப் பத்திரிகை தாங்காது. மூன்றாம் மாதமே குழந்தையைத் தூக்கிக்கொண்டு திண்டுக்கல்லுக்கு வந்துவிட்டேன்.

கம்பெனிக்குப் போனால் என் இடத்தில் வேறொருத்தி நின்றுகொண்டிருந்தாள். மேஸ்திரி பாலசமுத்திரத்துக்காரர், திருப்பூரில் தொழில் கற்றவர். நல்ல மனுஷன், ஆனால் முதலாளிக்கு நடுங்குகிறவர்.

"ஏனுங்க அம்மிணி, நீங்க பாட்டுக்குப் போயிட்டு நீங்க பாட்டுக்கு வந்தா எப்படிங்க?"

"புள்ள பெத்துட்டுத்தான வாரேன், திருவிழா பாத்துட்டா வாரேன்?" என்றேன்.

"பேரு இருக்கறவங்களுக்கு லீவு உண்டுங்க. உங்க பேரு எங்கீங்க இருக்குது?"

அவர் குத்திக்காட்டிச் சொல்லவில்லை. உள்ளதைச் சொன்னார். அதுதான் எனக்கு அதிகமாகச் சுட்டது. கெஞ்சிக் கூத்தாடி வேறொரு டெய்லருக்குக் கைமடியாகச் சேர்ந்தேன். குழந்தையை வைத்துக்கொள்ள மேஸ்திரி ஒரே ஒரு நிபந்தனை விதித்தார். சத்தம் வெளியே கேட்கக் கூடாது. கேட்டால் அன்றோடு வேலை சரி.

மேஜைக்கு அடியில், இரண்டு கால்களுக்கு நடுவே, பனியன் துணியிலேயே தூளி கட்டினேன். பனியன் கம்பெனிக்காரியைத் தவிர வேறு எந்தப் பைத்தியமும் இந்தக் காரியத்தைச் செய்யமாட்டாள். அந்தத் துணி இழுத்தால் இழுத்த பக்கம் வரும். காலையில் தரைக்கு ஒரு முழம் மேலே தொங்கிய பிள்ளை, மத்தியானச் சாப்பாட்டுக்குள் தரையைத் தொட்டுக்கொண்டிருக்கும். சோறு தின்றதும் முதல் வேலை தூளியை அவிழ்த்து ஏற்றிக் கட்டுவது. ரகமத்தக்கா பார்த்துச் சிரிப்பாள். "ஏ புள்ள, ஒம் மக பொறக்கையிலயே எறங்கத் தெரிஞ்சவ" என்பாள்.

அந்த இரைச்சலில் பிள்ளை எப்படித் தூங்கும் என்று கேட்பீர்கள். அதுதான் ஆச்சரியம். மோட்டார் ஓடும்வரை அசையமாட்டாள். ஞாயிற்றுக்கிழமை வீட்டில் ஒரு பொட்டுத் தூக்கம் கிடையாது, வீல்வீலென்று கத்துவாள். தாலாட்டு, கிலுகிலுப்பை எதுவும் எடுபடாது. கடைசியில் தெருமுனை மாவு மில் வாசலில் கொண்டுபோய் நிற்பேன். மிளகாய் அரைக்கிற சத்தம் கேட்டதும் கண் சொக்கிவிடும். மில்காரர் என்னைப் பார்த்து, "என்னம்மா, வெறுங்கையோட வந்து நிக்கிற? அரைக்க ஒண்ணுமில்லையா?" என்று கேட்பார். "இல்லண்ணே, தூங்க வச்சுட்டுப் போறேன்" என்பேன். அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்ப்பார்.

"இந்த வெரலு யாருது?"

ரகமத்தக்காவைப் பற்றிச் சொல்ல வேண்டும். பேகம்பூர்ப் பக்கம் வீடு. புருஷன் போய்ச் சேர்ந்த பிறகு, சொந்தக்காரர்கள் முகம் சுளிக்கச் சுளிக்க வேலைக்கு வந்தவள். கம்பெனியில் தையல் மெஷினில் உட்கார்ந்த ஒரே பெண். ஓரம் வெட்டிக்கொண்டே தைக்கிற மெஷின் அது. சின்னக் கத்தி ஒன்று அதில் ஏறி இறங்கும். நான் சேர்ந்த மறுவருஷம் அந்தக் கத்தி அவள் இடது ஆள்காட்டி விரலின் நுனியைக் கொண்டுபோய்விட்டது.

ஆஸ்பத்திரியிலிருந்து கட்டோடு வந்து முதலாளி முன்னால் நின்றாள். கூட நானும் போயிருந்தேன். முதலாளி மஸ்டரைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். கூட்டிப் பெருக்குகிறவன் பெயர்கூட இருந்தது.

"இந்தப் பேர்ல இங்க யாரும் வேலை பாக்கலையேம்மா."

ரகமத்தக்கா கட்டுப் போட்ட கையை மேஜைமேல் வைத்தாள்.

"அப்ப இந்த வெரலு யாருது மொதலாளி?"

அவர் மஸ்டரை மூடினார். புண் ஆறிய பிறகு வரச் சொன்னார். வந்ததும் பிசிர் வெட்டுகிற வேலையைக் கொடுத்தார்கள். தைத்தவளைத் தரையில் உட்கார்த்தி நூல் நுனி கத்தரிக்க வைத்தார்கள். அதற்குப் பிறகும் அவள் கேலி பேசுவதை விடவில்லை.

ஆண்களுக்குச் சங்கம் இருந்தது. நாங்களும் போய்க் கேட்டோம். "தாய்மார்களின் கோரிக்கை நியாயமானது, அடுத்த கூட்டத்தில் பேசலாம்" என்றார்கள். அடுத்த கூட்டத்திலும் அதையேதான் சொன்னார்கள். எந்தத் தோழரையும் நான் குறை சொல்லவில்லை. அவர்கள் வீட்டில் சோறு எப்போது கேட்டாலும் தயாராக இருந்திருக்கும், அதனால் காத்திருப்பது என்றால் என்னவென்று தெரிந்திருக்காது.

சட்டம் என்ன சொல்லிற்று என்பது எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது. ஒரு கம்பெனியில் இத்தனை பெண்களுக்கு மேல் இருந்தால் அவர்கள் பிள்ளைகளுக்குத் தனி அறை வைக்க வேண்டுமாம், ஆயா போட வேண்டுமாம். நல்ல சட்டம்தான். அதற்குப் பயந்துதான் எங்கள் பெயரையே எழுதாமல் விட்டிருக்கிறார்கள். பிள்ளைக்கு அறை கொடுக்காமல் இருக்கத் தாயை இல்லையென்று ஆக்கிவிட்டார்கள்!

மோட்டார் நின்றது

இப்போது குடோனுக்குத் திரும்புகிறேன்.

வெளியே மெஷின்கள் ஓடிக்கொண்டிருந்தன. செல்வி, அதுதான் என் மகள், மடியில் நல்ல தூக்கம். தலை என் இடது கையில். கால் இரண்டும் பக்கத்தில் இடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்த ரகமத்தக்காவின் மடியில். வழக்கமாக இன்ஸ்பெக்டர் முதலாளியின் அறையில் காப்பி குடித்துவிட்டு, ஒரு சுற்று வந்துவிட்டுப் போய்விடுவார். செத்த நேரம் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தால் போதும்.

அன்றைக்கு வந்தவர் புதுசு. வேலையாட்களிடம் பேச வேண்டும், சத்தத்தில் ஒன்றும் காதில் விழவில்லை என்று மோட்டாரை நிறுத்தச் சொல்லிவிட்டார்.

பட்டைகள் ஒவ்வொன்றாக ஓய்ந்தன. கம்பெனியில் பகல் வேளையில் அப்படி ஒரு அமைதியை நான் கேட்டதே இல்லை. ஜன்னல் வெளிச்சத்தில் பஞ்சு மிதந்தது. செல்வி கண்ணைத் திறந்தாள். உதடு பிதுங்கியது.

"பாலக் குடு நாச்சி, பாலக் குடு" என்று சுற்றிலும் கிசுகிசுத்தார்கள். மார்பில் வைத்து அழுத்தினேன். ஒரு சிணுங்கலோடு வாயை வைத்துக்கொண்டாள்.

காலடிச் சத்தம் கதவுக்கு நேரே வந்து நின்றது.

"இது என்ன ரூம்?"

"நூல் மூட்டைங்க சார். ஒரே தூசிங்க. உங்க சட்டை வீணாப் போயிருமுங்க."

"உள்ளே வேற யாரும் இல்லையே?"

"யாருமே இல்லீங்க சார்."

"சரி" என்றார். காலடி திரும்பியது.

எல்லோருக்கும் மூச்சு வந்தது. எனக்கு மட்டும் வரவில்லை. யாருமே இல்லீங்க. பதினான்கு பேர் கதவுக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறோம், யாருமே இல்லீங்க. என் பிள்ளையின் குரல் கேட்டால் நாளைக்கு எனக்கு வேலை இல்லை. கேட்காவிட்டால் நாளைக்கும் நான் இல்லை. இவளும் வளர்ந்து இதே குடோனில் வந்து ஒளிவாள். இதெல்லாம் அப்போது இப்படி வார்த்தையாகத் தோன்றியது என்று சொன்னால் அது பொய். அந்த இரண்டு வார்த்தைதான் காதில் திரும்பத் திரும்பக் கேட்டது.

மார்பை விடுவித்தேன். அவள் இடது தொடையில் கிள்ளினேன்.

கிள்ளு சரியாகப் பிடிபடவில்லைபோல. வாயோரம் பால் வழிய என்னைப் பார்த்து அவள் சிரித்தாள். விளையாடுகிறேன் என்று நினைத்துவிட்டாள், தங்கம்.

இரண்டாம் தடவை நகம் பதியக் கிள்ளினேன்.

அந்த அழுகையை என்ன சொல்ல! ஓடு பறந்துவிடும்போல அலறினாள். "அடிப் பாவி, வாயப் பொத்துடி!" என்று யாரோ கையை நீட்டினார்கள். ரகமத்தக்கா அந்தக் கையைத் தட்டிவிட்டாள். தாழ்ப்பாள் திறந்தது.

வாசலில் ஒல்லியாக ஒரு மனிதர், கண்ணாடி போட்டவர். பின்னால் மேஸ்திரி, முகத்தில் ரத்தமே இல்லை. இன்ஸ்பெக்டர் எங்களை ஒரு தரம் பார்த்தார். திட்டவில்லை. உள்ளே வந்து ஒரு நூல் மூட்டையின் மேல் உட்கார்ந்து நோட்டைத் திறந்தார்.

"ஒவ்வொருத்தரா பேர் சொல்லுங்கம்மா."

என் முறை வந்தபோது செல்வி கத்தி ஓய்ந்திருந்தாள். "நாச்சம்மாள்" என்றேன். அவர் எழுதினார். பேனா காகிதத்தில் உரசுகிற சத்தம் கேட்டது. அவ்வளவு அமைதி. மடியில் விசும்பிய குழந்தையைக் காட்டி, "இவ பேரு?" என்று கேட்டார். "செல்வி." "இவளைத் தொழிலாளின்னு எழுத முடியாதே" என்று சொல்லிவிட்டு, அதையும் ஓரத்தில் சின்னதாக எழுதிக்கொண்டார்.

கிள்ளியதும் ஆட்டியதும்

முதலாளி இரண்டு வாரம்போலக் கம்பெனியை மூடிப் போட்டார். வாசலில் வெயிலில் நின்றோம். "அடுத்த கூட்டம்" என்று தள்ளிப்போட்ட சங்கத்துக்காரர்கள் இந்தத் தடவை தள்ளிப்போடாமல் எங்களோடு வந்து நின்றார்கள், அதையும் சொல்ல வேண்டும். திறந்தபோது பதினோரு பேருக்கு மஸ்டரில் பெயர் ஏறியது. மூன்று பேரைத் திரும்பச் சேர்க்கவில்லை. ஒருத்தி சுருட்டுக் கம்பெனிக்குப் போனாள், இரண்டு பேர் வெங்காய மண்டிக்குப் போனார்கள். அவர்களைத் தெருவில் பார்த்தால் அன்றைக்கும் எனக்கு நெஞ்சு அடைக்கும், இன்றைக்கு நினைத்தாலும் அடைக்கிறது.

நூல் குடோனில் பாதியை ஒழித்துப் பிள்ளைகளுக்கு அறை ஆக்கினார்கள். "அம்மிணி, உங்க கொழந்தை என் பொழப்புலயே மண்ணள்ளிப் போட்ருச்சுங்களே" என்று புலம்பிய மேஸ்திரிதான் தன் கையால் தூளிக்குக் கயிறு கட்டினார். ஆனால் எங்கள் பிள்ளைகளுக்கு அந்த அமைதியில் தூக்கம் வரவில்லை. யாரும் பார்க்காத நேரத்தில் தூக்கி வந்து மறுபடியும் மேஜைக்கு அடியிலேயே போட்டோம்.

மெஷின் நின்றதால் குழந்தை அழுதது, அதனால் எங்கள் பெயர் ஏறியது. இதுதான் ஊரில் நிலைத்த கதை. சங்கக் கூட்டத்தில் மைக்கில் சொன்னார்கள். கேட்ட பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். என் மகளுக்கே பெருமை, "நான் அழுதுதான் அம்மா பேரு மஸ்டர்ல ஏறுச்சு" என்று பேரப்பிள்ளைகளிடம் சொல்கிறாள். பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டுகிறவள் என்று ஊரில் ஏசுவார்கள். நான் நிஜமாகவே கிள்ளி, நிஜமாகவே ஆட்டியவள். இத்தனை வருஷம் வாயைத் திறக்கவில்லை. செல்வி, இந்த வாரம் இதைப் படித்தால் என்னோடு சண்டை போடு. ஆனால் மிச்சத்தையும் படித்துவிட்டுப் போடு.

பெயர் எழுதிய அன்று சாயங்காலம் நானும் ரகமத்தக்காவும் சேர்ந்துதான் நடந்தோம். பூக்கடைகளைத் தாண்டியதும் ஒரு பாலத்துக் கட்டையில் உட்கார்ந்துவிட்டேன். குழந்தையின் சட்டையைத் தூக்கிப் பார்த்தேன். இடது தொடையில் என் நகம் இரண்டு பிறை போலப் பதிந்து கன்றிப்போயிருந்தது. அவ்வளவு நேரம் அடக்கி வைத்த அழுகை அப்போதுதான் வந்தது.

"நாந்தாக்கா கிள்ளுனேன். பெத்தவ செய்யிற காரியமா இது? நான் பேயிக்கா" என்று தலையில் அடித்துக்கொண்டேன்.

ரகமத்தக்கா குழந்தையை வாங்கி மடியில் போட்டுக்கொண்டாள். தன் தலையில் கையைத் தேய்த்து, அந்த எண்ணெயை எடுத்துக் குழந்தையின் தொடையில் பூசினாள். பிறகு மெதுவாக அவளைப் புரட்டி, வலது காலிலும் பூசினாள். எதற்கு என்று குனிந்து பார்த்தேன். வலது ஆடுசதையிலும் அதேபோல ஒரு தடம், இன்னும் ஆழமாக. அது என் கை எட்டுகிற பக்கமே இல்லை.

நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்க்காமல் பூசிக்கொண்டே இருந்தாள்.

"கோவிச்சுக்காத நாச்சி. நீ பெத்தவ, ஒனக்கு மனசு வராதுன்னு நெனச்சுட்டேன்."